கல்லில் வெட்டாத சொல்

குரல் தேர்வுக்கு ஐந்து நிமிடம் என்று சொல்லியிருந்தார்கள். அம்சவேணிக்கு நான்கு நிமிடத்திலேயே முடிந்துவிட்டது. கண்ணாடி அறைக்குள் உட்கார்ந்து, காலையில் என்ன சமைத்தாள், எந்த பஸ்ஸில் வந்தாள், வழியில் யாரைப் பார்த்தாள் என்று அவள்பாட்டுக்குப் பேசினாள். பதினாறு வருடம் பஸ் ஸ்டாண்டில் அறிவிப்புச் சொன்ன குரல் அது. வலங்கைமான், நீடாமங்கலம், மன்னார்குடி என்று அவள் ஒலிபெருக்கியில் சொன்னால், பெஞ்சில் தூங்கிக்கொண்டிருப்பவர்கூட எழுந்து பையைத் தேடுவார். பிறகு அந்த நாற்காலிக்கு இயந்திரம் வந்தது. நாற்பத்தொரு வயதில் அவள் வேறு வேலை தேட வேண்டியதாயிற்று.

கதவைத் திறந்து வெளியே வந்தபோது வரவேற்பு மேசையில் இருந்த பையன் ஒரு சீட்டை நீட்டினான். அதில் ஒரே ஒரு சொல்தான் இருந்தது. சேரி.

"எதை வெச்சுப்பா இது?"

"உங்க உச்சரிப்ப வெச்சும்மா. ஓதிதான் முடிவு பண்ணுது. மனுசங்க யாரும் இதுல தலையிடறதில்ல."

குடமுருட்டி ஆற்றங்கரையில் இருநூறு ஏக்கரில் எழுந்திருந்தது நித்தவினோதபுரம். பதினோராம் நூற்றாண்டு ஊர் ஒன்றை அப்படியே திரும்பக் கட்டியிருப்பதாக நிறுவனம் சொல்லிக்கொண்டது. கோயில், அங்காடி, கம்மாளர் தெரு, அந்தணர் தெரு, ஊருக்கு வெளியே வாய்க்காலைத் தாண்டிச் சேரி. நாளொன்றுக்கு நாலாயிரம் பேர் வந்தார்கள். வருகிறவர்கள் வாசலிலேயே தாங்கள் யார் என்பதைத் தேர்ந்தெடுத்துக்கொள்ளலாம். வணிகர், ஊர்ச் சபையார், சிற்றரசர்களான அரையர். அதற்கேற்ற உடை கொடுப்பார்கள். உள்ளே வேலை செய்கிற எழுநூறு பேரும் அந்தக் காலத்துத் தமிழில்தான் பேச வேண்டும்.

அதற்குத்தான் ஓதி. ஊரெங்கும் பரவியிருந்த இயந்திரத்துக்கு அப்படிப் பெயர் வைத்திருந்தார்கள். வேலைக்காரர்கள் எல்லோருடைய காதிலும் தோடு போல ஒன்று இருக்கும். எதிரில் வருகிறவர் யார், என்ன தகுதி என்று பார்த்து, சொல்ல வேண்டியதை ஓதி அதன் வழியே காதில் கிசுகிசுக்கும். வருகிறவர்கள் காதிலும் ஒரு தோடு உண்டு. அது அவர்களுக்குப் புரிகிற மொழியில் பெயர்த்துச் சொல்லும். வேலைக்காரர்கள் தப்பாகப் பேசினால் தோடு சிணுங்கும். மூன்று முறை சிணுங்கினால் அன்றைக்கு வீட்டுக்குப் போக வேண்டியதுதான். முதல் நாள் பழக்கத்தில் வணக்கம் என்று சொல்லிவிட்டு அம்சவேணி ஒரு சிணுங்கல் வாங்கினாள். அப்படி முகமன் சொல்கிற வழக்கம் பிற்காலத்தது என்றது ஓதி.

சேரியில் மொத்தம் பதினான்கு பேர். அதில் பதினொரு பேர் அவளுக்குத் தெரிந்த காலனிகளைச் சேர்ந்தவர்கள். நீடாமங்கலம் பக்கத்திலிருந்து வந்த ஜெயசீலன் இருபத்தெட்டு வயதுக்காரன். முதல் நாள் பட்டியலைப் பார்த்துவிட்டு அவன்தான் சொன்னான்.

"மனுசங்க தலையிடாமலேயே எவ்வளவு கரெக்டா வந்திருக்கு பாருக்கா."

*

வேலை கஷ்டமில்லை. முறம் பின்னுவது, விறகு சுமப்பது, நாளுக்கு ஒருமுறை அங்காடியின் பின்பக்கம் தள்ளி நின்று உப்புக் கேட்பது. "உப்பு உளதோ?" என்று ஓதி சொல்லிக்கொடுத்தபடி அவள் கேட்பாள். உள்ளேயிருந்து கடைக்காரர் வேடத்தில் இருப்பவர் "உளது" என்பார். இவ்வளவுதான்.

ஆனால் தெருவில் அரையர் வேடத்தில் யாராவது எதிர்ப்பட்டால் தோடு உடனே சொல்லும். ஓரத்துக்குப் போ. குனி. வாயைப் பொத்து. "விலகினேன், விலகினேன்" என்று இரண்டு முறை சொல்.

முதல் வாரம் ஒருவர் பட்டும் கடகமும் போட்டுக்கொண்டு குடும்பத்தோடு வந்தார். அம்சவேணி ஒதுங்கிச் சொன்னாள்.

"சரியா விழல. இன்னொரு தடவ சொல்லச் சொல்லு" என்றார் அவர், போனைத் தூக்கிப் பிடித்துக்கொண்டிருந்த மகனிடம்.

மறுபடி சொன்னாள். வெயில் எதிரே அடிக்கிறது என்று இடம் மாறி நிற்கச் சொன்னார்கள். மறுபடி சொன்னாள். நான்காவது முறை சொல்லும்போது அவருடைய சின்ன மகள் கேட்டாள், "அவங்க ஏம்ப்பா ஒதுங்கிப் போறாங்க?"

"அந்தக் காலத்துல அப்படித்தாம்மா."

மரியாதைக் குறைவாக அவர் எதையும் சொல்லவில்லை. போகும்போது சிரித்துக் கையைக்கூட அசைத்தார். வாய்க்கால் பாலத்தைத் தாண்டி அம்சவேணி நடந்தாள். கழுத்திலிருந்து காது மடல் வரைக்கும் எரிந்தது.

சேரிக்குள் ஜெயசீலன் விறகுக் கட்டோடு எதிரில் வந்தான். இருவரும் நின்றார்கள். தோடு என்ன சொல்லப்போகிறது என்று காத்திருந்தார்கள். தோடு ஒன்றும் சொல்லவில்லை. கட்டைத் தோளில் வைத்தபடி அவன் நின்றுகொண்டே இருந்தான். இவள் அவன் முகத்தைப் பார்த்தாள். கடைசியில் அவன் தலையை மட்டும் ஆட்டிவிட்டுப் போனான்.

மறுநாளும் அப்படித்தான். ஒரு சேரி ஆள் இன்னொரு சேரி ஆளைப் பார்த்தால் ஓதிக்கு வாய் வருவதில்லை. அவர்களாக இந்தக் காலத்துத் தமிழில் பேசினால் சிணுங்கல். அதனால் பதினான்கு பேரும் காலை ஒன்பது மணியிலிருந்து மாலை ஐந்து மணி வரை பேசாமல் உட்கார்ந்திருந்தார்கள். சுற்றிக்காட்ட வருகிற பெண் பாலத்தில் நின்று விருந்தினர்களுக்குச் சொல்வது இவர்கள் காதில் விழும். "இந்த மக்கள் அதிகம் பேசுவதில்லை."

பதினாறு வருடம் குரலால் பிழைத்தவளுக்கு அது பொறுக்கவில்லை.

*

ஓதிக்குப் பழந்தமிழ் கற்றுக்கொடுத்தவர் முனைவர் மீனலோசனி. ஐம்பதைத் தாண்டியவர். முப்பது வருடம் கல்வெட்டு படித்ததில் ஒரு கண்ணுக்குப் பார்வை குறைந்திருந்தது. நிர்வாகக் கட்டடத்தின் மாடியில் அவர் அறை. மதிய இடைவேளையில் அம்சவேணி போய்க் கதவைத் தட்டினாள்.

"உள்ள வாங்க. நீங்க சேரியிலதான?"

"ஆமா மேடம். எங்க தோடு எதுவும் சொல்ல மாட்டேங்குது. ரிப்பேரான்னு கேக்க வந்தேன்."

"வெளியாட்கள் வந்தா சொல்லுதா?"

"அப்ப நல்லா சொல்லுது. நாங்க ஒருத்தர ஒருத்தர் பாத்தாத்தான் ஊமையாயிடுது."

மீனலோசனி கண்ணாடியைக் கழற்றி மேசைமேல் வைத்தார். "ரிப்பேர் இல்ல அம்சவேணி. தரவு இல்ல."

"அப்படின்னா?"

"கல்லுல எதையெல்லாம் வெட்டினாங்க? நிலம் யாருக்கு, வரி யாரு கட்டணும், கோயில் விளக்குக்கு எத்தன ஆடு, இதத்தான். சேரிங்கற பேரு கல்வெட்டுல இருக்கு. தீண்டாச்சேரின்னே இருக்கு. எல்லை சொல்லும்போது வரும். ஆனா அங்க ஒருத்தர ஒருத்தர் பாத்தா என்ன சொல்லிக்கிட்டாங்கன்னு யாரும் எழுதல. அரையரப் பாத்தா எப்படிப் பேசணும், வணிகர் வந்தா எப்படி வரவேக்கணும், இதுக்கெல்லாம் கல்வெட்டு, பாட்டு, உரைன்னு ஏதாவது ஆதாரம் இருக்கு. உங்களுக்கு இல்ல. ஆதாரம் இல்லாம ஓதி பேசாது. அப்படித்தான் நான் அதைச் செஞ்சேன்."

அம்சவேணி கொஞ்சம் யோசித்தாள்.

"அப்ப அந்த விலகினேன், அது எந்தக் கல்லுல மேடம் இருக்கு?"

மீனலோசனி கழற்றிய கண்ணாடியை எடுத்து மறுபடி மாட்டிக்கொண்டார்.

"கல்லுல இல்ல. அது ஒரு ஊகம். ரொம்பப் பிற்காலத்துல வேற பகுதிகள்ல இருந்த வழக்கத்த வெச்சு, அப்பவும் இப்படி இருந்திருக்கலாம்னு…"

"சரி, ஊகம்."

"வர்றவங்க எதிர்பாக்கறாங்கன்னு நிர்வாகம் சொன்னாங்க. அரையர் வேடம் போட்டுட்டு வந்தா தெருவுல ஏதாவது நடக்கணும்னு. அதுக்காக அந்த ஒரு இடத்துல மட்டும் விதியைத் தளர்த்தினோம்."

"அப்ப எங்களக் குனிய வைக்க ஊகம் போதும். நாங்க ஒருத்தர ஒருத்தர் நல்லாருக்கியான்னு கேக்க மட்டும் கல்வெட்டு வேணும். அப்படித்தான மேடம்?"

குரலை உயர்த்தாமல்தான் கேட்டாள். ஆனால் பஸ் ஸ்டாண்ட் முழுக்கக் கேட்கிற குரல் அது. பக்கத்து அறையில் தட்டச்சுச் சத்தம் நின்றது.

"நீங்க சொல்றது…" என்று ஆரம்பித்த மீனலோசனி, சொல்லி முடிக்காமல் வேறொன்றைச் சொன்னார். "ஓதி பிற்காலச் சொல்லுக்குத்தான் சிணுங்கும். வேரும் விகுதியும் பழசா இருந்தா அது தடுக்காது. தடுக்கறதுக்கும் அதுக்கு ஆதாரம் வேணும்."

அதை ஏன் தன்னிடம் சொன்னார் என்று மாடிப்படி இறங்கும்போதுதான் அம்சவேணிக்கு உறைத்தது.

*

அன்றைக்கு உப்புக்குப் போனபோது வழக்கம்போல "உப்பு உளதோ?" என்று கேட்டாள். "உளது" என்றார் கடைக்காரர். அவள் கையை நீட்டாமல் அப்படியே நின்றுவிட்டாள். உப்பு இருக்கிறது என்பதற்குச் சொல் இருக்கிறது. எண்ணெய் இருக்கிறது, விறகு இருக்கிறது என்பதற்கெல்லாம் அதே சொல்தான். மனிதர்கள் இருக்கிறார்கள் என்பதற்கு?

அவள் தெருவில் ஒருவர் வீட்டுக்கு இன்னொருவர் போனால் வாசலில் நின்று "இருக்கியாக்கா?" என்றுதான் குரல் கொடுப்பார்கள். "இருக்கேன், வா" என்று பதில் வரும். காலையில் குழாயடியில், சாயங்காலம் மளிகைக் கடையில், ஆஸ்பத்திரியில் வரிசையில் நிற்கும்போது, எங்கேயும் அதுதான். வேறு முகமன் எதையும் அவள் சின்ன வயதிலிருந்து அதிகம் கேட்டதில்லை.

பயிற்சியின்போது வந்தேன், வந்தேம் என்று விகுதி சொல்லிக்கொடுத்திருந்தார்கள். வந்தோம் என்பதைத்தான் அப்போது வந்தேம் என்பார்களாம். அதே மாதிரி இருக்கிறேன், இருக்கிறோம் என்பதற்கு விரல் விட்டு எண்ணிப் பார்த்தாள். உளேன். உளேம்.

மறுநாள் காலை, விருந்தினர்களுக்கு வாசல் திறக்கும் முன்பே, சேரியில் பதினான்கு பேரும் அவரவர் குடிசைமுன் இருந்தார்கள். ஜெயசீலன் குடத்தோடு வந்தான். அம்சவேணி முறத்தைக் கீழே வைத்துவிட்டு எழுந்தாள்.

"உளையோ, சீலா?"

அவன் திடுக்கிட்டு நின்றான். சிணுங்கல் வரும் என்று அவள் காதையே பார்த்தான். வரவில்லை. அவனுக்குப் புரிய ஒரு கணம் ஆயிற்று. புரிந்ததும் முகம் மாறியது.

"உளேன்" என்றான் மெல்ல. அவன் தோடும் சிணுங்கவில்லை. "உளேன், உளேன்!"

அம்சவேணி மற்றவர்கள் பக்கம் திரும்பினாள். பதினாறு வருடக் குரலை அப்படியே எடுத்தாள்.

"உளீரோ?"

அவர்களுக்கு விளக்க வேண்டியிருக்கவில்லை. முதலில் இரண்டு பேர், பிறகு எல்லோரும். "உளேம்!" பக்கிரிசாமி அவர்களில் மூத்தவர், அறுபத்திரண்டு வயது. சிரிக்க ஆரம்பித்து இருமல் வந்து, இருமிக்கொண்டே திரும்பத் திரும்ப அதைச் சொன்னார். அங்காடிப் பக்கமிருந்து யாரோ எட்டிப் பார்த்தார்கள்.

அதற்குப் பிறகு சேரி வாய் மூடவில்லை. ஒரு சொல் போய் இன்னொன்றைக் கூட்டிக்கொண்டு வந்தது. வேர் பழசா, விகுதி பழசா என்று பார்த்துக் கோர்ப்பார்கள். சிணுங்கினால் மாற்றுவார்கள். பட்டு உடுத்திக்கொண்டு வேர்த்து விறுவிறுத்து வருகிற விருந்தினருக்குப் பட்டுப்பொதி என்று பெயர் வைத்தார்கள். பாரம் தூக்க ஆள் வேண்டும் என்றால் தோள் தா என்பார்கள். இரண்டு மாதத்தில் ஒரு நாள் முழுக்கப் பேச அவர்களிடம் பேச்சு இருந்தது. பாலத்தில் நிற்கிற பெண் தான் மனப்பாடம் செய்திருந்த வரியை நிறுத்திக்கொண்டாள். விருந்தினர்கள் பாலத்தில் நின்று கேட்டார்கள். பிறகு பாலத்தைத் தாண்டி உள்ளேயே வந்தார்கள்.

ஆனால் உள்ளே வருகிறவர் அரையர் என்றால் தோடு பழையபடிதான். விலகினேன், விலகினேன்.

*

ஆடி மாதம் சேரிக்குப் புதிதாக ஒரு பெண் வந்தாள். முதல் நாள் காலை, யாரும் எதுவும் சொல்லித்தருவதற்கு முன்பே, பாலத்தைத் தாண்டி வந்து நின்று "உளீரோ?" என்றாள்.

எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள்.

"யாரும்மா சொல்லிக்குடுத்தா?" என்று தன்னை மறந்து கேட்டுவிட்டார் பக்கிரிசாமி. அவர் தோடு சிணுங்கியது.

அந்தப் பெண் தன் காதைத் தொட்டுக் காட்டினாள்.

அவர்கள் பேசியதை எல்லாம் ஓதி கேட்டுக்கொண்டே இருந்திருக்கிறது. பதினான்கு வாயிலிருந்து நாளுக்கு நூறு முறை வருகிற சொல்லை அது வழக்கம் என்று எடுத்துக்கொண்டுவிட்டது. அடுத்த வாரம் கம்மாளர் தெருவிலும் அங்காடியிலும் அந்தச் சொல் கேட்டது. உப்புக் கடைக்காரர் அம்சவேணியைப் பார்த்ததும் தள்ளி நிற்கச் சொல்லாமல் "உளையோ?" என்றார்.

யுவராஜ் அவளைக் கூப்பிட்டனுப்பினார். நித்தவினோதபுரத்தின் மேலாளர். சுறுசுறுப்பானவர். எல்லோரையும் பெயர் சொல்லிக் கூப்பிடுவார். மேசையில் அச்சடித்த அறிவிப்பு ஒன்று இருந்தது. ஆயிரம் ஆண்டுகளாக மறைந்திருந்த மக்கள் முகமனை ஓதி மீட்டெடுத்தது என்று பெரிய எழுத்தில் போட்டிருந்தது.

"உக்காருங்க அம்சவேணி. அடுத்த மாசம் மெய்ம்மைக் குழு வருது தெரியுமில்ல? இங்க பேசறது எல்லாம் உண்மையா அந்தக் காலத்துப் பேச்சுதானான்னு பாத்து அவங்கதான் சான்று தரணும். இந்த முகமன்தான் இப்ப நம்மளோட பெரிய பெருமை. நீங்க அத அவங்களுக்குச் செஞ்சு காட்டணும். உங்க குரல் மாதிரி வராது. இனிமே நீங்க சேரித் தலைவி. விறகு சுமக்கவேண்டாம்."

"சார், அது ஓதி கண்டுபிடிச்சதில்ல. நாங்க செஞ்சது."

"ஓதியில இருக்கில்ல? அப்ப ஓதியோடதுதான்." அவர் சிரித்தார். "நீங்க ஒண்ணும் பொய் சொல்லவேண்டாம். கேட்டா, தோட்டுல வந்துச்சு, சொன்னோம்னு சொல்லுங்க. இப்ப தோட்டுல வருதில்ல?"

"விலகினேன் எடுத்துடுவீங்களா சார்?"

"அது எதுக்கு? அது ஒரு பக்கம், இது ஒரு பக்கம். ரெண்டும் சேந்தாத்தான் அந்தக் காலம் முழுசா கெடைக்குது."

சாயங்காலம் திரும்பும் பஸ்ஸில் ஜெயசீலன் அவள் பக்கத்தில் உட்கார்ந்தான். சேதி அவனுக்கு ஏற்கெனவே தெரிந்திருந்தது.

"ஒத்துக்கக்கா."

"நீயா சொல்ற?"

"ஆமா, நாந்தான் சொல்றேன். பழசுன்னு நெனச்சா நெனச்சிட்டுப் போவட்டும். நேத்து ஒருத்தரு, சபையாரு வேசம், எங்கிட்ட வந்து கையக் குடுத்துட்டு, உங்க முன்னோர்கள் எவ்வளவு அழகா பேசியிருக்காங்கன்னு சொல்றாரு. எம் மூஞ்சியப் பாத்து அழகுன்னு ஒருத்தன் சொல்லி நான் கேட்டதில்ல. ஆயிரம் வருசம்னாத்தாங்கா மதிக்கிறானுவ. நாம செஞ்சதுன்னா, என்ன கூத்துடான்னு கேப்பானுவ."

அவன் சொன்னது பொய்யில்லை. அவளுக்கு அது தெரிந்தது. ஜன்னலுக்கு வெளியே நடவு முடிந்த வயல்கள் போய்க்கொண்டிருந்தன.

"சீலா, அது முன்னோர் சொன்னதுன்னா அவங்க என்ன சொன்னாங்கன்னு நமக்குத் தெரிஞ்சாச்சு, கத முடிஞ்சுதுன்னு ஆயிடும். அவங்க நெசமாவே என்னவோ பேசியிருப்பாங்கள்ல? நம்மள மாதிரியே திட்டி, சிரிச்சு, கேலி பண்ணி. அது போயிடுச்சுடா. எழுதாம விட்டாங்க, போயிடுச்சு. அந்த ஓட்டைய நம்ம வாயால அடைக்கச் சொல்றான் யுவராஜ். அடைச்சிட்டா யாரு எழுதாம விட்டாங்கன்னு கேக்க ஆளிருக்காது."

"வேல போயிடும்க்கா. உனக்கு மட்டுமில்ல. எல்லாருக்கும்."

"தெரியும். அதனாலதான் பதினாலு பேர்கிட்டயும் கேக்கப்போறேன்."

கேட்டாள். மறுநாள் இடைவேளையில், தோடுகளைக் கழற்றி வைத்துவிட்டு, குழுவிடம் உண்மையைச் சொல்லிவிடலாமா என்று. நான்கு பேர் வேண்டாம் என்றார்கள். இரண்டு பேர் பதில் சொல்லாமல் எழுந்துபோனார்கள். பக்கிரிசாமி மட்டும் நேராகச் சொன்னார். "எம் மருந்துக்கு இந்த வேலதான் ஓடுது ஆயி. ஆனா இருமிக்கிட்டே நான் சிரிச்சேன் பாரு, அத ஆயிரம் வருசத்துக்கு முந்தி எவனோ சிரிச்சான்னு சொல்ல என்னால முடியாது. நீ சொல்லு." கடைசியில் ஜெயசீலனும் கையைத் தூக்கினான். எட்டுக்கு ஆறு என்றுதான் முடிந்தது. அந்த ஆறு பேரின் முகத்தைப் பார்ப்பது அதன்பின் அவளுக்கு எளிதாக இல்லை.

*

மெய்ம்மைக் குழுவில் மூன்று பேர். தலைவி ஹெலன் பொன்மணி, தொல்லியல் துறையில் இருந்து ஓய்வு பெற்றவர். நிர்வாகக் கட்டடத்தின் பெரிய கூடத்தில் உட்கார்ந்திருந்தார்கள். யுவராஜ் ஒரு பக்கம், மீனலோசனி ஒரு பக்கம். சேரி ஆட்கள் வேடத்தோடு சுவரோரம் நின்றார்கள்.

அம்சவேணி நடுவில் வந்து முகமனைச் செய்து காட்டினாள். சுவரோரத்திலிருந்து பதில் வந்தது. குழுவில் இளையவர் ஒருவர் கைதட்டவே ஆரம்பித்துவிட்டார்.

ஹெலன் பொன்மணி கைதட்டவில்லை. "ரொம்ப நல்லா இருக்கும்மா. இத நீங்க எப்படிக் கத்துக்கிட்டீங்க? ஓதி சொல்லித்தந்துதா?"

ஆமாம் என்று சொல் என்பதுபோல் யுவராஜ் அவளைப் பார்த்துத் தலையசைத்தார்.

"இல்லங்க மேடம்" என்றாள் அம்சவேணி. தோடு சிணுங்கியது. அவள் அதைக் கழற்றி மேசைமேல் வைத்தாள். "இது பழசில்ல. போன சித்திரையில நான் செஞ்சது. எங்க தெருவுல இருக்கியான்னு கேப்போம். அத உங்க பழைய விகுதியில போட்டுப் பாத்தேன். மத்ததெல்லாம் இவங்க பதிமூணு பேரும் நானும் சேந்து செஞ்சோம். ஓதி எங்களக் கேட்டுக் கத்துக்கிச்சு."

யுவராஜ் எழுந்தார். "மேடம், இவங்க ஏதோ குழப்பத்துல…"

"நீங்க உக்காருங்க. அவங்க பேசட்டும்."

"எனக்குக் குழப்பமில்ல சார். ஆயிரம் வருசத்துக்கு முந்தி எங்காளுங்க என்ன பேசினாங்கன்னு யாருக்கும் தெரியாது. தெரியாதுன்னு எழுதுங்க. இது எங்களோடது, இப்பத்தியது. கீழ எங்க பேரு போடுங்க." அவள் மூச்சு வாங்கிக்கொண்டாள். "இன்னொண்ணும் கேக்கணும். நான் செஞ்சத நான் செஞ்சேன்னு சொல்லிட்டேன். விலகினேன்னு ஒண்ணு தினம் அம்பது தடவ எங்க வாயில வைக்கிறீங்களே, அதுவும் கல்லுல இல்லியாம். அத யாரு செஞ்சதுன்னு நீங்களும் சொல்லுங்க."

ஹெலன் பொன்மணி கையிலிருந்த தாள்களைப் புரட்டினார். "இதுல பதினோராம் நூற்றாண்டு வழக்குன்னு போட்டிருக்கே. ஆதாரம் என்ன?"

யுவராஜ் மீனலோசனியைப் பார்த்தார். அந்தப் பார்வையில் ஒரு கெஞ்சல் இருந்தது, ஒரு மிரட்டலும் இருந்தது. மீனலோசனி கண்ணாடியைக் கழற்றவில்லை. எழுந்து நின்றார்.

"ஆதாரம் இல்ல" என்றார். "அத எழுதினது நான். ஒரு வெள்ளிக்கிழமை மத்தியானம், என் அறையில உக்காந்து எழுதினேன். பத்து நிமிஷம் ஆச்சு."

*

குழு சான்று தரவில்லை. ஆதாரமற்ற பேச்சு எதையும் பழையது என்று காட்டக் கூடாது, ஆக்கியவர் பெயரையும் ஆண்டையும் போட வேண்டும், ஆக்கியவர் சம்மதமில்லாமல் பயன்படுத்தக் கூடாது என்று எழுதிக்கொடுத்துவிட்டுப் போனது. மீனலோசனி தானாகவே வேலையை விட்டார். சேரியை மராமத்து என்று சொல்லி மூடினார்கள். சேரி ஆட்கள் யாருக்கும் ஒப்பந்தம் புதுப்பிக்கப்படவில்லை. சம்மதிக்காத ஆறு பேரில் ஒருத்தி, தெருவில் அம்சவேணியைப் பார்த்தால் இப்போதும் முகத்தைத் திருப்பிக்கொள்கிறாள். அம்சவேணி அதைக் குற்றமாக எடுத்துக்கொள்ளவில்லை. கல்யாண மண்டபம் ஒன்றில் மைக் பிடிக்கிற வேலை கிடைத்தது. பக்கிரிசாமிக்கு மருந்து வாங்குவதை ஜெயசீலனும் அவளும் பார்த்துக்கொண்டார்கள்.

நான்கு மாதம் கழித்து, ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, யுவராஜின் கார் அவள் தெருவுக்குள் வந்தது. முன்னைவிட இளைத்திருந்தார். நாற்காலி போட்டு உட்காரவைத்து டீ கொடுத்தாள்.

"வர்றவங்க எல்லாரும் அந்த முகமனத்தான் கேக்கறாங்க" என்றார். "கடையில, கோயில் வாசல்ல, எங்க போனாலும். உளேம் எங்க, உளேம் எங்கன்னு. ஓதி அதச் சொல்றத நிறுத்திப் பாத்தோம். வேலைக்காரங்க நிறுத்தல. சிணுங்கினாலும் சொல்றாங்க. மூணு சிணுங்கலுக்கு வீட்டுக்கு அனுப்பினா ஊரே காலியாயிடும்." அவர் ஒரு தாளை நீட்டினார். "உங்க பதினாலு பேர் சம்மதம் வேணும். பேரெல்லாம் போட்டாச்சு. ஆண்டும் போட்டாச்சு. வேலைக்கும் எல்லாரும் திரும்ப வரலாம்."

அம்சவேணி தாளை முழுவதும் படித்தாள். முகமன் உட்பட அவர்கள் ஆக்கிய எழுபத்திரண்டு சொற்களும் பட்டியலில் இருந்தன. பதினான்கு பெயரும் இருந்தன, எழுந்துபோன இரண்டு பேருடையது உட்பட. அவள் உள்ளே போய் ஒரு பேனா எடுத்துவந்தாள். கடைசியில் ஒரு வரி சேர்த்தாள். விலகினேன் என்பதும் அதைச் சேர்ந்த குனிதலும் வாய் பொத்தலும் ஓதியிலிருந்து முழுவதுமாக எடுக்கப்பட வேண்டும்.

யுவராஜ் அதைப் படித்துவிட்டு நெற்றியைத் தேய்த்தார்.

"எடுத்துடலாம். ஆனா ஒரு சிக்கல் இருக்கு அம்சவேணி. இன்ஜினியருங்க ஏற்கெனவே பாத்துட்டாங்க. அத எடுத்துட்டா அரையர் வேசத்துல வர்றவங்களுக்கும் உங்களுக்கும் நடுவுல ஓதிகிட்ட ஒரு வார்த்தகூட கெடையாது. உங்க தோடும் பேசாது, அவங்க தோடும் பேசாது. அவ்வளவு செலவழிச்சு வேசம் போட்டுக்கிட்டு வர்றவரு சேரித் தெருவுல உங்க முன்னாடி வந்து நிப்பாரு. என்ன சொல்றதுன்னே தெரியாம நிப்பாரு."

அம்சவேணி கையெழுத்துப் போட்டு, மை காயட்டும் என்று தாளைக் கொஞ்ச நேரம் கையிலேயே வைத்திருந்து, பிறகு அவரிடம் நீட்டினாள்.

"நிக்கட்டும் சார். அவரே யோசிச்சு ஒரு நல்ல வார்த்தையாக் கண்டுபுடிக்கட்டும்."